மிஸஸ் பி: பஃபெட்டுக்குக் கடையை விற்ற பாட்டி மட்டும்தானா?

செக்கடித்தெரு எழுதியது:

இந்தக் குழுவில் அமெரிக்க முதலீட்டாளர் வாரன் பஃபெட் பேச்சு வரும்போதெல்லாம் 'மிஸஸ் பி' என்கிற ரோஸ் பிளம்கின் ஒரு துணுக்காக வந்து போகிறார். 1983, அமெரிக்காவின் ஒமாஹா நகரம், தன் பர்னிச்சர் கடையை பஃபெட்டுக்கு விற்க ஒரு கைகுலுக்கல். கணக்குத் தணிக்கை கிடையாது, சரக்கை எண்ணிப் பார்க்கவில்லை, 90 சதவீதப் பங்குக்கு 5.5 கோடி டாலர். கதை அங்கேயே முடிந்துவிடும். அந்த அம்மாளுக்கு அப்போது வயது 89. அதற்கு முந்தைய வாழ்க்கையை விட்டுவிட்டுச் சொன்னால் பஃபெட்டின் சாமர்த்தியம்தான் தெரியும்; அவர் காசு கொடுத்து வாங்கிய சரக்கு என்னவென்று தெரியாது. அதனால் இந்த இழை.

1893 டிசம்பரில், மின்ஸ்க் மாகாணத்தில் இருந்த ஷெட்ரின் என்ற சிற்றூரில் பிறந்தார். அன்றைக்கு ரஷ்யப் பேரரசு, இன்றைக்கு பெலாரஸ். அப்பா ரபி, யூத மதகுரு. அவருக்கு வேதமும் வழிபாடுமே வாழ்க்கை. அடுப்பு எரிந்தது அம்மாவின் சின்ன மளிகைக் கடையால். எட்டுப் பிள்ளைகள், வைக்கோல் பரப்பிய படுக்கை. நடுராத்திரியில் கண் விழித்தால் அம்மா அப்போதும் வேலை செய்துகொண்டிருப்பாள் என்று பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். பள்ளிக்கூடம் போனதில்லை. ஆறு வயதிலேயே கடையில் அம்மாவுக்குக் கையாள்.

13 வயதில் வீட்டை விட்டுக் கிளம்பினார். ரயில் நிலையம் 18 மைல். நடந்தே போனார், வெறுங்காலோடு. செருப்பு இல்லாமல் அல்ல, அடிப்பாகம் தேயக்கூடாதென்று காலணியைத் தோளில் மாட்டிக்கொண்டு! கோமெல் நகரத்தில் இறங்கிக் கடை கடையாக வேலை கேட்டார். 25 கடைகளில் இல்லை என்றார்கள், 26-வது கடையில் சேர்த்துக்கொண்டார்கள். 16 வயதில் அந்தக் கடையின் மேலாளர். அவருக்குக் கீழே ஆறு ஆண்கள், ஆறு பேரும் கல்யாணம் ஆனவர்கள்.

என் கட்சி இதுதான்: அமெரிக்கா அவரை வியாபாரி ஆக்கவில்லை. வியாபாரியாகத்தான் கப்பல் ஏறினார்.

---

முதலீட்டு_மாணவன் எழுதியது:

அருமை அண்ணா. அந்த வோட்கா கதையை விட்டுட்டீங்களே?

---

செக்கடித்தெரு எழுதியது:

வருகிறேன், பொறுங்கள்.

கணவர் இசடோர் செருப்புக் கடை விற்பனையாளர். 1914-ல் கல்யாணம். முதல் உலகப்போர் வந்ததும், ஜாரின் படையில் சிக்காமலிருக்க அவர் முதலில் அமெரிக்கா போனார். இரண்டு டிக்கெட்டுக்குப் பணமில்லை. 1917-ல் இவர் தனியாகக் கிளம்பினார். அதுவும் மேற்கே அல்ல, கிழக்கே. சைபீரியா முழுவதும் ரயிலில் கடந்து சீன எல்லைக்கு வந்தார். கையில் கடவுச்சீட்டு இல்லை. காவலாளியிடம், "ராணுவத்துக்குத் தோல் வாங்கப் போகிறேன், திரும்பி வரும்போது உனக்கு ஒரு பாட்டில் வோட்கா" என்றார். விட்டுவிட்டான். அங்கிருந்து மஞ்சூரியா, ஜப்பான், பிறகு வேர்க்கடலை ஏற்றிவந்த ஒரு கப்பலில் சியாட்டில். அந்தக் காவலாளி இன்னும் பாட்டிலுக்காகக் காத்திருப்பான் என்று கடைசிவரை சொல்லிச் சிரிப்பாராம்.

சியாட்டிலில் யூதக் குடியேறிகளுக்கு உதவும் ஹையாஸ் அமைப்பினர் வரவேற்றுச் சாப்பாடு போட்டார்கள். முதலில் அயோவாவில் ஃபோர்ட் டாட்ஜ். யூதர்களின் இத்திஷ் மொழி பேச ஆளில்லாத ஊர், ஆங்கிலமும் தெரியாது. 1919-ல் ஒமாஹாவுக்குக் குடிமாறினார்கள். மூத்த மகள் பிரான்சஸ் பள்ளிக்கூடத்தில் கற்றுவந்த சொற்களை வீட்டில் அம்மாவுக்குச் சொல்லிக்கொடுத்தாள். பேச்சு அப்படித்தான் வந்தது. ஆங்கிலம் எழுதப் படிக்கக் கடைசிவரை வரவில்லை.

பழைய துணி விற்று, மிச்சம் பிடித்து, ஐம்பது ஐம்பது டாலராக ரஷ்யாவுக்கு அனுப்பினார். 1920களில் பெற்றோரும் கூடப்பிறந்தவர்களும் வந்து சேர்ந்தார்கள்.

---

தேக்குமரம் எழுதியது:

நான் தென்காசிப் பக்கம் பர்னிச்சர் கடை வைத்திருக்கிறவன். அதனால் கடை விஷயம் மட்டும் பேசுகிறேன்.

பொருளாதார மந்தம் வந்தபோது இசடோரின் கடை அடமானக் கடையும் பழைய துணிக்கடையுமாக ஓடிக்கொண்டிருந்தது. கூட்டம் குறைந்ததும் அந்த அம்மா ஒரு வேலை செய்தார். பத்தாயிரம் நோட்டீஸ் அடித்து, "5 டாலருக்குத் தலை முதல் கால் வரை" என்று ஊர் முழுக்க விநியோகித்தார். உள்ளாடை, சூட், டை, ஷூ, வைக்கோல் தொப்பி எல்லாம் சேர்த்து 5 டாலர். ஒரே நாளில் 800 டாலர் கல்லாவில் விழுந்தது.

1937-ல் 43 வயதில், சகோதரரிடம் 500 டாலர் கடன் வாங்கி நெப்ராஸ்கா பர்னிச்சர் மார்ட் ஆரம்பிக்கிறார். வாங்கின விலைக்கு மேல் பத்து சதவீதம், அவ்வளவுதான் லாபம்.

தொழிலில் இல்லாதவர்களுக்கு இந்தப் பத்து சதவீதத்தின் கனம் புரியாது. மளிகையில் சரக்கு வாரத்துக்கு ஒருமுறை திரும்பும். சோபா அப்படி இல்லை. ஷோரூமில் ஆறு மாதம் கிடக்கும், தூசி தட்ட ஆள் வேண்டும், இடத்துக்கு வாடகை, டெலிவரிக்கு வண்டி, கால் உடைந்தால் கார்பெண்டர். இத்தனையையும் கணக்குப் போட்டுத்தான் நாங்கள் விலையைக் கிட்டத்தட்ட இரண்டாக்குகிறோம். பத்து சதவீதத்தில் விற்றால் சரக்கு வந்த வேகத்தில் போகணும், இல்லாவிட்டால் கடை மூடணும். நடுவழி கிடையாது.

ஆரம்பத்தில் ஒருமுறை கம்பெனிக்காரர்களுக்குத் தவணை தேதி நெருங்கிவிட்டது, கையில் பணமில்லை. தன் வீட்டுச் சாமான்களையே, பிரிட்ஜ் உட்பட, விற்றுக் கட்டினார். பிள்ளைகள் அழுதார்களாம். வாங்கின கடனைச் சொன்ன தேதியில் கட்டினால்தான் அடுத்த லோடு நல்ல விலைக்கு வரும். இது எங்கள் லைனில் எல்லோருக்கும் தெரியும், செய்கிறவர்கள் குறைவு.

---

சிவப்புத்துண்டு எழுதியது:

எல்லாம் சரி தோழர்களே. மலிவா வித்தா மத்த கடைக்காரன் சும்மாவா இருந்தான்?

---

தேக்குமரம் எழுதியது:

இல்லை. உள்ளூர் கடைக்காரர்கள் உற்பத்தியாளர்களிடம் போய், "அவளுக்குச் சரக்கு கொடுத்தால் எங்களுக்கு வேண்டாம்" என்றார்கள். சரக்கு நின்றது. இவர் சிகாகோ போய் மார்ஷல் ஃபீல்ட் மாதிரி பெரிய கடைகளிடமே வாங்கி வந்து விற்றார். கள்ளச் சரக்குக்காரி என்று திட்டினார்கள். ஆமாம், ஊரிலேயே நல்ல கள்ளச் சரக்குக்காரி நான்தான் என்று பதில்.

அப்புறம் கோர்ட். இதற்குப் பின்னணி தெரியணும். அந்தக் காலத்து அமெரிக்காவில் 'நியாய வணிகச் சட்டம்' என்று மாநிலத்துக்கு மாநிலம் இருந்தது. நம்ம எம்.ஆர்.பி.க்கு நேர் எதிர். எம்.ஆர்.பி. என்றால் இதற்கு மேல் விற்காதே. அங்கே உற்பத்தியாளர் குறித்த விலைக்குக் கீழே விற்காதே! இவர் கடை திறந்த அதே 1937-ல்தான் மில்லர் டைடிங்ஸ் சட்டம் வந்து இதற்கு மத்திய அரசின் பாதுகாப்பும் கிடைத்தது. 1975-ல்தான் ஒழித்தார்கள்.

மோஹாக் கார்ப்பெட் கம்பெனி வழக்குப் போட்டது. கெஜம் 3.95 டாலருக்கு விற்கிறார், மற்ற கடைகளில் 7.95. எதிர்த்தரப்பில் மூன்று வக்கீல்கள். இவர் நீதிபதியிடம் சொன்னது சுருக்கமாக: "அடக்க விலைக்கு மேல் பத்து சதவீதம் வைக்கிறேன், என்ன தப்பு? என் வாடிக்கையாளரை நான் கொள்ளையடிக்க மாட்டேன்." வழக்குத் தள்ளுபடி. மறுநாள் அந்த நீதிபதியே கடைக்கு வந்து 1,400 டாலருக்குக் கார்ப்பெட் வாங்கினார் என்று இவர் சொல்வது வழக்கம்.

---

முதலீட்டு_மாணவன் எழுதியது:

இதுக்கு எண் கணக்கு பெர்க்‌ஷயர் கடிதங்கள்லயே (பஃபெட் தன் கம்பெனிப் பங்குதாரர்களுக்கு வருஷா வருஷம் எழுதினது) இருக்கு. 1983 கடிதத்துல: 2 லட்சம் சதுர அடியில ஒரே கடை, வருஷத்துக்கு 10 கோடி டாலருக்கு மேல விற்பனை. ஒமாஹாவில் மற்ற பர்னிச்சர் கடைகள் எல்லாம் சேர்ந்து விற்கிறதை விட அதிகம்.

அடுத்த வருஷக் கடிதம் இன்னும் சுவாரசியம். அன்னைக்கு நாட்டின் பெரிய பர்னிச்சர் சங்கிலிக் கடையான லெவிட்ஸோட ஒப்பிடுறார். அவங்களுக்கு நடத்தும் செலவு விற்பனையில 35.6 சதவீதம், மிஸஸ் பி கடைக்கு 16.5. ரகசியம் வேற எங்கயும் இல்ல, அந்த 19 புள்ளியிலதான். செலவு பாதிக்கும் கீழ இருந்தா விலையைக் குறைச்சும் லாபம் பார்க்கலாம். வாடிக்கையாளர்களுக்கு இந்தக் கடையால மிச்சமாகிறது வருஷத்துக்குக் குறைஞ்சது 3 கோடி டாலர்னு பஃபெட் கணிக்கிறார்.

---

சிவப்புத்துண்டு எழுதியது:

பஃபெட் தன் கம்பெனியைப் புகழ்ந்து தானே எழுதின கடிதம். அதை வேதவாக்கா எடுக்க முடியாது.

அப்புறம் வேறு ஒரு இழையில் இந்த அம்மாவைக் 'கொடை வள்ளல்'னு எழுதினாங்க. என்ன கொடை? முதியோர் இல்லத்துக்கு 10 லட்சம் டாலர். கட்டடத்துக்குத் தன் பேர். ஒரு தியேட்டர். அதுக்கும் தன் பேர். வேலைக்காரங்களை முகத்துக்கு நேரா கத்துறது, கோபம் வந்தா அந்த இடத்துலயே வேலையை விட்டு நிறுத்துறது. இதையும் சேர்த்து எழுதுங்க.

அதே யூதக் குடியேறி, அதே சில்லறை வணிகம், நிஜமான கொடைன்னா நேதன் ஸ்ட்ராஸைப் பாருங்க. 1848-ல் ஜெர்மனியில் பிறந்தவர், நியூயார்க் மேசீஸ் கடையின் பங்காளி. 1893 முதல் நியூயார்க்கில் ஏழைக் குழந்தைகளுக்குக் கிருமி நீக்கின பால் கொடுக்க நிலையங்கள் திறந்தார். ராண்டால்ஸ் தீவு குழந்தைகள் மருத்துவமனையில் 1897-ல் சேர்ந்த குழந்தைகளில் நூற்றுக்கு 44 செத்துப்போச்சு. அங்க பாலைக் காய்ச்சிக் கிருமி நீக்க இயந்திரம் வச்சுக் கொடுத்த பிறகு, 1898-ல் அது 20. பால் கம்பெனிக்காரங்க, சில டாக்டர்கள்கூட எதிர்த்தாங்க. அவர் சொத்தில் பெரும்பகுதி கரைஞ்சது. இவருக்கும் மிஸஸ் பிக்கும் ஒரே பட்டமா?

---

ஒமாஹா_வாசி எழுதியது:

இந்த ஊரில் பத்து வருஷத்துக்கு மேல இருக்கேன், அதனால உள்ளே வரேன்.

சிவப்புத்துண்டு சொல்ற ஸ்ட்ராஸ் பெரிய மனுஷர், மறுக்கல. ஆனா தியேட்டரைப் பத்தி அப்படி ஒரு வரியில தள்ளாதீங்க. அது 1927-ல் ரிவியேரான்னு கட்டின பழைய சினிமாக் கொட்டகை. வெளியே பார்த்தா மூரிஷ் பாணி குவிமாடம். உள்ளே உட்கார்ந்து அண்ணாந்தா கூரை முழுக்க ராத்திரி வானம், சின்னச் சின்ன விளக்கு நட்சத்திரமா மினுக்கும். 80களில் கிட்டத்தட்ட இடிக்கிற நிலைமை. பிளம்கின் குடும்பம் பணம் போட்டுக் காப்பாத்தினாங்க, 1995-ல் திரும்பத் திறந்தது. இப்போ 'தி ரோஸ்'னு தான் எல்லாரும் சொல்வோம். குழந்தைகளுக்கான நாடகம் மட்டுமே போடுற அரங்கு. என் பொண்ணு அங்கதான் கோடை விடுமுறையில நடிப்பு வகுப்பு போறா. பள்ளிக்கூடப் பஸ் வரிசையா நிக்கும். பேர் போட்டுக்கிட்டாங்கன்னா போட்டுக்கட்டுமே, மேல அந்த வானம் இருக்கு.

முதியோர் இல்லமும் அப்படித்தான், யூத சமூகக் கூட்டமைப்பு நடத்துறது.

கோபக்காரி என்பது உண்மை. ஊரில் பழைய ஆட்கள் இன்னும் சொல்வாங்க. அம்மா வேலையை விட்டு நிறுத்தின ஆளை மகன் லூயி பின்பக்கமா கூப்பிட்டுத் திரும்பச் சேர்த்துக்குவாராம். லூயி போரில் காயம்பட்டுத் திரும்பின ஆள், அம்மாவுக்கு நேர் எதிர் சுபாவம். அவர் இல்லைன்னா கடை அவ்வளவு பெரிசா ஆகியிருக்காதுன்னு எனக்குத் தோணும்.

---

செக்கடித்தெரு எழுதியது:

ஸ்ட்ராஸ் பற்றிய தகவலுக்கு நன்றி தோழர், அவருக்குத் தனி இழையே திறக்கலாம். அந்தத் தராசில் வைத்தால் மிஸஸ் பி கொடையாளர் வரிசையில் பின்னால்தான் நிற்பார், ஒத்துக்கொள்கிறேன்.

ஆனால் ஒரு கேள்வி. 1930களில் பழைய துணிக்கடையில் 5 டாலருக்கு உடுத்திக்கொண்டு வேலை தேடப் போனவன், பாதி விலைக்குக் கட்டில் வாங்கிக் குடித்தனம் ஆரம்பித்தவள், இவர்களுக்கெல்லாம் கிடைத்ததை எந்தக் கணக்கில் எழுதுவது? கொடை என்று எழுத முடியாது, லாபம் வைத்துத்தான் விற்றார். ஆனால் நன்கொடைக் கணக்கில் வரும் பத்து லட்சத்தைவிட வருஷா வருஷம் அந்த 3 கோடி பெரியது. பஃபெட்டின் கணிப்பில் பாதியைத் தள்ளிவிட்டாலும் பெரியதுதான்.

1950-ஐயும் சொல்லணும். கொரியப் போர் நேரம், விற்பனை படுத்துவிட்டது, கடன்காரர்கள் கதவைத் தட்டுகிறார்கள், அதே ஆண்டு கணவரும் இறந்துபோனார். தெரிந்த ஒரு வங்கிக்காரர் 90 நாள் தவணையில் 50,000 டாலர் கொடுத்தார். எப்படிக் கட்டுவது என்ற பயத்தில் ஒமாஹா நகர அரங்கத்தையே வாடகைக்குப் பிடித்து சோபா, சாப்பாட்டு மேசை, கட்டில் என்று நிரப்பினார். மூன்று நாளில் இரண்டரை லட்சம் டாலர் வந்தது. அதோடு கடனுக்கு ஒரு கும்பிடு.

---

சிவப்புத்துண்டு எழுதியது:

மலிவு விலைக்கு எதிரி இல்ல நான். 'கொடை'ங்கிற முத்திரையைத்தான் எதிர்க்கிறேன். வியாபாரின்னு சொல்லுங்க, கை தட்டுறேன்.

---

முதலீட்டு_மாணவன் எழுதியது:

அண்ணா, 1989 சண்டையை யாரும் எடுக்கலையே. எனக்கு அதுதான் குழப்பம். கம்பெனியை வித்தாச்சு, பணமும் வாங்கியாச்சு. அப்புறம் எப்படி எதிர்லயே கடை போட முடிஞ்சது?

---

தேக்குமரம் எழுதியது:

ஏனென்றால் பஃபெட் 1983-ல் போட்டிக்கு வரமாட்டேன் என்று எழுதி வாங்கவில்லை. 89 வயசு பாட்டி எங்கே போய்ப் புதுக்கடை போடப் போகிறார் என்று நினைத்திருப்பார்.

விற்ற பிறகும் வாரத்துக்கு ஏழு நாள் கடையில்தான் இருந்தார், பேட்டரி வண்டியில் உட்கார்ந்து கார்ப்பெட் பிரிவைச் சுற்றிவருவார். கார்ப்பெட் என்றால் அவருக்கு உயிர். 12 அடிக்கு 14 அடி அறை என்று வாடிக்கையாளர் சொல்லி வாய் மூடுவதற்குள் சதுர கெஜத்துக்கு மாற்றி, விலையால் பெருக்கி, வரியோடு தொகையைச் சொல்லிவிடுவார். காகிதம் கிடையாது. 168-ஐ ஒன்பதால் வகுத்துப் பாருங்கள், பதினெட்டே முக்காலுக்குக் கொஞ்சம் கீழே நிற்கும். என் கடையில் பி.காம். படித்த பையனே கால்குலேட்டர் தேடுவான்.

பேரன்கள் ரான், இர்வ் இருவரும் அந்தப் பிரிவில் அவர் முடிவுகளை மீற ஆரம்பித்தார்கள். 95 வயசில் கோபித்துக்கொண்டு வெளியேறினார். மூன்று மாதம் வீட்டில் இருந்தார், முடியவில்லை. தெருவுக்கு எதிரே தனக்குச் சொந்தமான கிடங்கில் புதுக்கடை. இரண்டு வருஷத்தில் லாபம். கார்ப்பெட் வியாபாரத்தில் ஊரில் மூன்றாம் இடம். 1992-ல் பஃபெட் அதையும் கிட்டத்தட்ட 50 லட்சம் டாலருக்கு வாங்கினார், இந்தத் தடவை எழுதியும் வாங்கினார். 99 வயசில் போட்டியிட மாட்டேன் என்று கையெழுத்திட்டது கின்னஸில் ஏற வேண்டியது என்று அந்த வருஷக் கடிதத்தில் கிண்டல் செய்திருப்பார்.

எனக்குப் பேரன்கள் பக்கம்தான் மனசு போகிறது. வளர்ந்து ஆளான பிறகும் கொள்முதலில் பாட்டி உத்தரவு வாங்கணும் என்றால் எவன் தாங்குவான்? எங்கள் வீட்டிலும் அப்பாவுக்கு இன்னும் கல்லாச் சாவி இடுப்பில்தான்.

---

ஒமாஹா_வாசி எழுதியது:

ஹாஹா, சாவி!

கடையை ஒன்றாக்கின பிறகும் அவங்க தன் கார்ப்பெட் பக்கத்துக்கு வந்துகிட்டுதான் இருந்தாங்க, நூறு வயசு தாண்டியும். 1998 ஆகஸ்டில் 104 வயசில் போனாங்க.

---

செக்கடித்தெரு எழுதியது:

அவர் வீட்டுக்குப் போன பத்திரிகையாளர்கள் ஒரு விஷயம் எழுதியிருக்கிறார்கள்: வரவேற்பறைச் சாமான்களில் விலைச்சீட்டு அப்படியே தொங்கிக்கொண்டிருக்கும். வீடும் ஷோரூம்தான். ஓய்வு நேரத்தில் என்ன செய்வீர்கள் என்று கேட்டால், காரில் சுற்றிப் போட்டிக் கடைகளின் ஜன்னலைப் பார்ப்பேன் என்பார்.

1984-ல் நியூயார்க் பல்கலைக்கழகம் கௌரவ டாக்டர் பட்டம் கொடுத்தது. பள்ளிக்கூட வாசலை மிதிக்காதவருக்கு வணிகத்துறையில்! ஒமாஹாவின் கிரெய்ட்டனும் கொடுத்தது.

---

முதலீட்டு_மாணவன் எழுதியது:

ஒரு சந்தேகம். நம்ம நாட்டுல போட்டியிட மாட்டேன்னு எழுதி வாங்கினா செல்லுமா? ஒப்பந்தச் சட்டத்துல செல்லாதுன்னு படிச்ச ஞாபகம்.

---

கறுப்பு_கோட்டு எழுதியது:

1872 இந்திய ஒப்பந்தச் சட்டம், பிரிவு 27. தொழில் செய்வதைத் தடுக்கும் ஒப்பந்தம் பொதுவாகச் செல்லாது. அதனால்தான் வேலையை விட்டுப் போகிறவரிடம் எழுதி வாங்கும் நிபந்தனை பெரும்பாலும் நிற்பதில்லை. ஆனால் அதே பிரிவில் ஒரு விதிவிலக்கு உண்டு: கடையை அதன் நற்பெயரோடு சேர்த்து விற்றால், குறிப்பிட்ட எல்லைக்குள் அதே தொழில் செய்ய மாட்டேன் என்று விற்பவரிடம் எழுதி வாங்கலாம். எல்லை நியாயமானதாக இருக்கிறதா என்று நீதிமன்றம் பார்க்கும். எதிர்த் தெரு என்றால் தாராளமாக நிற்கும்.

தேக்குமரம் சார், உங்கள் அப்பா கடையை யாருக்காவது விற்பதாக இருந்தால் வாங்குகிறவரை என்னிடம் அனுப்புங்கள்.

---

தேக்குமரம் எழுதியது:

சாவியே தரமாட்டேன் என்கிறார், கையெழுத்தா போடப்போகிறார்.